குமிழி நாட்டு வாசல் உருண்டை

திண்டிவனத்தில் எங்கள் வீட்டுக்குப் பின்னால் இருந்த ஏரியில் குமிழி கிளம்பினால், மீன் மூச்சு விடுகிறது என்று மற்றப் பிள்ளைகள் சொல்வார்கள். பாவம், விவரம் பத்தாத பிள்ளைகள். ஏரிக்கு அடியில் குமிழி நாடு இருக்கிறது, அங்கே உலை கொதித்தால்தான் மேலே குமிழி வரும் என்பது எனக்கும் அக்காவுக்கும் மட்டும் தெரிந்த சங்கதி. அந்த நாட்டை உண்டாக்கியவளே அக்காதான். எனக்குத் தலை பின்னும்போதெல்லாம் அங்கிருந்து ஒரு செய்தி வரும். பேன் பார்க்கும் நாளென்றால் கொஞ்சம் நீளமாகவே வரும்.

நான் மூன்றாவது படித்த வருஷம், அக்கா விழுப்புரத்தில் பெரியம்மா வீட்டில் தங்கித் தையல் கற்றுக்கொண்டு திரும்பினாள். அதற்குப் பிறகுதான் வாசல் உருண்டை கதைக்குள் வந்தது. குமிழி நாட்டு இளவரசியைக் கேட்டு எவன் வந்தாலும் அரண்மனை வாசலில் அதைத்தான் முதலில் தருவார்களாம். வெளியே மல்லாட்டை என்று எங்கள் ஊரில் சொல்லும் வறுத்த வேர்க்கடலையும் வெல்லமும். உள்ளே வேப்பம்பூவும் மிளகாய்த்தூளும் ஒரு கை உப்பும். முகம் சுளிக்காமல், தண்ணீர் கேட்காமல் தின்று முடித்து, இன்னொன்று இருக்கிறதா என்று கேட்கிறவனுக்குத்தான் வாசல் திறக்கும். உருண்டையைக் கொடுக்கிறவள் இளவரசியின் தங்கையாக இருக்கவேண்டும் என்பதும் சட்டம். எனக்கு அந்தச் சட்டம் மிகவும் பிடித்துப்போயிற்று.

"யாருனா கேட்டிருக்காங்களாக்கா?" என்றேன்.

"இதுவரிக்கும் இல்ல. அதான் அவ இன்னும் ஒக்காந்துகினே கீறா" என்றாள் அக்கா.

ஆவணி பிறந்ததும் கண்டமங்கலத்திலிருந்து அக்காவைப் பெண் பார்க்க வந்தார்கள். கரும்பு, கிணறு, பம்புசெட்டு எல்லாம் உள்ள இடம். அப்பா மனசுக்குள் பந்தலே போட்டுவிட்டார். அவர் எதிரில் நின்று வேண்டாம் என்று சொல்ல எங்கள் வீட்டில் யாருக்கும் வாய் கிடையாது. அக்காவுக்குச் சுத்தமாகக் கிடையாது. அன்று காலையில் சமையற்கட்டு மூலையில் உட்கார்ந்து மூக்கை உறிஞ்சிக்கொண்டே அவள் உருண்டை பிடித்தாள்.

"இளவரசியக் கேட்டு வர்றாங்கடி. சட்டம் சட்டம்தான்" என்று ஒன்றை என் கையில் வைத்தாள்.

நான் அதை மாப்பிள்ளையின் கேசரித் தட்டில் ஓரமாக வைத்தேன். யாரும் கவனிக்கவில்லை. மாப்பிள்ளை பம்புசெட்டைப் பற்றிப் பேசிக்கொண்டே அப்படியே முழுசாக வாயில் போட்டார். முதலில் பம்புசெட்டு நின்றது. பிறகு கண் பிதுங்கியது. அடுத்து காபி டம்ளரிலேயே துப்பினார். தண்ணீர் தண்ணீர் என்று அவர் அலறியபோது, இவர் தேறமாட்டார் என்று நான் தீர்மானித்துவிட்டேன். அவருடைய அம்மா டம்ளரை எட்டிப் பார்த்தாள்.

"பொண்ணு குடுக்க இஷ்டம் இல்லன்னா வாயால சொல்லுங்க. எங்க புள்ள வாயில வைக்காதீங்க" என்று எழுந்தாள்.

அவர்கள் வண்டி தெருவைத் தாண்டுவதற்குள் அம்மா என் காதைப் பிடித்துத் திருகிவிட்டாள். குமிழி நாட்டு ரகசியத்தை நான் சொல்லவே இல்லை. அப்பா மனசுக்குள் போட்ட பந்தலைப் பிரித்துக்கொண்டிருந்தார். அக்கா சாயங்காலம் என் காதுக்குத் தேங்காய் எண்ணெய் தடவினாள்.

அடுத்த முகூர்த்த மாதத்தில் பெரியம்மா சொல்லியனுப்பி விழுப்புரத்திலிருந்து ஒரு இடம் வந்தது. மாப்பிள்ளைக்கு ரயில்வேயில் வேலை. காணி நிலம் கிடையாது. அப்பாவுக்கு அரை மனசு, பார்த்துத் தொலைப்போம் என்றுதான் வரச் சொன்னார். இந்த முறை அம்மா உஷாராகிவிட்டாள். மல்லாட்டையை டின்னோடு பரண்மேல் ஏற்றிவிட்டு, தட்டுகளின் பக்கம் என்னை அண்டவிடவில்லை. ஆனால் அக்கா முதல் நாளே இரண்டு பிடித்து வைத்திருந்தாள். இரண்டும் என் பாவாடை மடிப்பில் இருந்தன.

பெரியவர்கள் பேசிக்கொண்டிருக்கையில் மாப்பிள்ளை கை கழுவக் கிணற்றடிக்கு வந்தார். நான் பின்னாலேயே போய் ஒன்றை நீட்டினேன். அவர் என்னையும் உருண்டையையும் மாறி மாறிப் பார்த்தார். வாங்கி வாயில் போட்டார். மென்றார். முகத்தில் ஒரு சுருக்கம் விழவில்லை, காது மடல் மட்டும் சிவந்தது. பக்கத்திலேயே வாளி நிறைய தண்ணீர் இருந்தும் அவர் அதன் பக்கம் திரும்பவில்லை.

"இன்னொண்ணு இருக்கா?" என்றார்.

எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. இரண்டாவதையும் கொடுத்தேன். அதற்குள் அப்பா பார்த்துவிட்டு வேட்டி தடுக்க ஓடி வந்தார்.

"இன்னா குடுத்துச்சுங்க அது? துப்பிடுங்க மாப்ள, துப்பிடுங்க" என்று பதறினார்.

"மல்லாட்ட உருண்டைங்க. நல்லா கீது" என்று அவர் விழுங்கினார். கண்ணில் தண்ணீர் கட்டி நின்றது. அடுப்புப் புகை என்றார். அடுப்பு அணைந்து வெகு நேரமாகியிருந்தது. அப்பா அணைந்த அடுப்பை ஒரு தரம் எட்டிப் பார்த்தார். உள்ளே போய் அம்மாவிடம், "புள்ளைங்கள காட்டிக் குடுக்காத மனுஷன். நெலம் இன்னா பெரிய நெலம்" என்று சொன்னது எனக்குக் கேட்டது. கதவுக்குப் பின்னால் அக்கா முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு நின்றாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை. வாசல் திறந்துவிட்டது என்று நான் ஓடிப்போய்ச் சொன்னபோது என்னை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

தையில் கல்யாணம் நடந்தது. மாமா குமிழி நாட்டுக்காரர் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. மணையில் அவர் குனிந்தபோதெல்லாம் காதுக்குப் பின்னால் செதில் தெரிகிறதா என்று பார்த்தேன். சட்டம் தெரிந்தவர்கள் இந்த உலகத்தில் அக்காவும் நானும்தான். வார்த்தை மாறாமல் அவர் கேட்டார் என்றால் ஏரிக்கு அடியிலிருந்துதான் வந்திருக்க வேண்டும். என் கணக்கில் எந்தப் பிழையும் இல்லை.

பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு அம்மாள், விழுப்புரத்தில் மாமா வீடு எங்கள் பெரியம்மா வீட்டுக்கு நேர் எதிர்வீடு என்றும், தையல் மிஷின் போட்டிருந்த ஜன்னலிலிருந்து பார்த்தால் அவர்கள் வாசல் நன்றாகத் தெரியும் என்றும் சொன்னாள். லீவுக்குப் போனால் வழி தவறாமல் போய்விடலாம் என்று நினைத்துக்கொண்டு, நான் பாயசத்தைக் குடித்தேன்.