வாசலில் திரும்புகிறவர்கள்

“எல்லா வீட்டுக்குள்ளயும் வரும், எங்கயும் உட்காராது. மூணு எழுத்து” என்று சொல்லிக்கொண்டே அக்கா ரப்பர் பட்டியை இறுக்குகிறார். நாற்காலியில் இருக்கும் லாரி ஓட்டுநர் கண்ணை இறுக மூடிக்கொண்டு, “என் மச்சான்” என்கிறார்.

“மச்சான் நாலு எழுத்து. அதோட, அவரு உட்கார்ந்தா எந்திரிக்கவே மாட்டாருன்னு போன தடவை நீங்கதானே புலம்புனீங்க.”

ஓட்டுநர் சிரிக்கிறார். சிரித்து முடிப்பதற்குள் குழாயில் ரத்தம் நிரம்பிவிடுகிறது. ஊசி எப்போது போனது, எப்போது வந்தது என்று அவருக்குத் தெரியாது. முழங்கையை மடக்கி, பஞ்சை இரண்டு விரலால் அழுத்தியபடி எழுந்து நடக்கிறார். வாசல் நிலையைத் தாண்டப் போகிறவர் சட்டென்று நின்று திரும்புகிறார். “காத்து. காத்துதானேம்மா?”

“காற்று. எழுத்துல எழுதினா ‘ற்’ வரும். போயிட்டு வாங்க.”

அக்கா மேசை விளிம்பில் செருகியிருக்கும் செய்தித்தாளை எடுத்து, கட்டம் மட்டும் மேலே தெரியும்படி நாலாக மடித்த அந்த மடிப்பு கலையாமல், மூன்று கட்டங்களை நிரப்புகிறார். பேனாவால்தான் நிரப்புவார். பென்சிலைக் கொடுத்தால் வாங்க மாட்டார். “அழிக்கிறதுக்கு வழி வச்சுக்கிட்டு எழுதறது எழுத்தா, தம்பி?” என்பார் என்னிடம். ரத்தம் எடுக்கும் அறையில் அவருக்கு நாற்காலி, எனக்கு மூலையில் கணினி. குழாயில் ஒட்ட வேண்டிய சீட்டுகளை அச்சிட்டுக் கிழித்துக் கொடுப்பது என் வேலை. என் இடத்திலிருந்து பார்த்தால் அவருடைய வலது பக்கமும் நோயாளியின் முகமும் வாசலும் தெரியும். பார்ப்பதற்கு இதைவிட நல்ல இருக்கை எனக்கு எங்கும் கிடைத்ததில்லை.

பரிசோதனைக்கூடத்தில் அவருக்குக் கட்டம் அக்கா என்று பெயர். காலையில் பேருந்தில் வரும்போதே குறுக்கெழுத்துக் கேள்விகள் முழுவதையும் படித்துவிடுவார். ஆனால் ஒன்றையும் நிரப்ப மாட்டார். நிரப்பிவிட்டால் நோயாளிகளுக்கு என்ன மிஞ்சும்? யோசிக்கிறவனுக்கு வலிக்காது என்பது அவருடைய தொழில் கண்டுபிடிப்பு. கயிறு மாதிரி நரம்பு புடைத்த கைக்கு எளிய கேள்வி போதும், அங்கே ஒரு நொடி வேலை. உடம்பு பருத்து நரம்பு உள்ளே பதுங்கிக் கிடக்கிறவர்களுக்குச் சிக்கலான கேள்விகளை ஒதுக்கி வைத்திருப்பார். சின்னப் பிள்ளைகளுக்குத் தனியாக ஒன்று. அதற்கு விடை அந்தப் பிள்ளை சொல்வதுதான். கட்டத்தில் பொருந்தாவிட்டால் கட்டத்தின்மீதுதான் குற்றம்.

வீட்டிலும் இப்படித்தானாம். ஒருநாள் அவரை அழைத்துப்போக வந்த அவருடைய கணவர் என் மேசையோரம் நின்று குறைப்பட்டுக்கொண்டார். “சாப்பாடு ஆச்சான்னு கேட்டா, ‘மூணு கட்டம், உயிரெழுத்துல ஆரம்பிக்கும்’ங்கறா தம்பி. இல்லைன்னு சொல்றதுக்கு இவ்வளவு சுத்து. நான் கண்டுபிடிச்சு முடிக்கிறதுக்குள்ள பசியே போயிடுது.”

“போன பசியைத் திரும்ப வரவழைக்கத்தானே சமைக்கிறேன்” என்றார் அக்கா, கையுறையைக் கழற்றியபடி.

கட்டத்தை நிரப்புவது பாதி சுகம். குறை சொல்வது மீதிப் பாதி. இரண்டாவது பாதிதான் பெரியது என்று எனக்குத் தோன்றும். நரம்பைப் பார்த்துப் பார்த்துப் பழகிய வாய், கேள்விகளையும் அப்படியே தரம் பிரிக்கும். சட்டென்று பிடிபடுவது ‘நல்ல நரம்பு’. விரலுக்குக் கீழ் நகர்ந்துகொண்டே இருப்பது ‘நழுவுற நரம்பு’. குத்தினாலும் ஒன்றும் வராதது ‘செத்த நரம்பு’. விடையின் எழுத்துகளை இடம் மாற்றிப் போட்டுவிட்டுப் பக்கத்தில் ‘கலைந்துள்ளது’ என்று எழுதும் வழக்கம் அவருக்கு அறவே ஆகாது. “அடுக்கத் தெரியாம கொட்டிட்டுப் போயிடறான். அள்ளி அடுக்கறதுக்கு நான் என்ன இவன் வீட்டு வேலைக்காரியா?” முதல் எழுத்தை வெட்டிவிட்டுப் போடும் ‘தலையில்லை’, ‘கீழிருந்து மேல்’ இரண்டும் ஒரே நாளில் வந்துவிட்டால் காலைத் தேநீர் கசந்துபோகும். மறுநாள் வெளியாகும் விடையை மட்டும் பார்க்கவே மாட்டார். பிடிபடாத கட்டம் வெள்ளையாகவே குப்பைக்கூடைக்குப் போகும்.

ஒரு கேள்வி நல்ல கேள்விதானா என்பதற்கு அவரிடம் ஒரே ஓர் அளவுகோல் உண்டு. நாற்காலியில் இருக்கும்போதே விடை வந்தால் அது கேள்வி இல்லை. வீட்டுக்குப் போயும் வராவிட்டால் அதுவும் இல்லை. “வாசல்ல திரும்பணும் தம்பி. பஞ்சை அமுக்கிக்கிட்டுப் போறவர் வாசல்ல நின்னு திரும்பணும்.”

கட்டம் போடுகிறவர் பத்திரிகையில் தன்னை ‘முடிச்சு’ என்று மட்டும் குறிப்பிட்டுக்கொள்வார். ஆணா பெண்ணா என்று யாருக்கும் தெரியாது. திட்டுவதற்கு வசதியாக அக்கா அவரை ஆணாகவே வைத்திருந்தார்.

வாரம் தவறாமல் ஒரு பெரியவர் வருவார். இதய அறுவைக்குப் பிறகு ரத்தத்தை நீர்க்க வைக்கும் மாத்திரை சாப்பிடுகிறவர். மாத்திரையின் அளவு சரிதானா என்று அடிக்கடி சோதித்துப் பார்க்க வேண்டும். கை முழுக்கக் காகிதம் போன்ற தோல், அதன் அடியில் நூல் போன்ற நரம்புகள். அவருக்கென்று ஒதுக்கிய சிக்கலான கேள்விகளை அக்கா கேட்பார். பெரியவர் ஒருநாளும் பதில் சொன்னதில்லை, எதிர்ச்சுவரில் இருக்கும் கண் பரிசோதனை விளம்பரத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். பதில் வராததால் அன்றைய கட்டத்தைப் பற்றிய வசவுகள் அவர் காதில்தான் அதிகம் விழுந்தன. ரத்தம் லேசில் உறையாது என்பதால் வெளிப் பெஞ்சில் நெடுநேரம் பஞ்சை அழுத்தியபடி உட்கார்ந்துவிட்டுத்தான் போவார். வாசலில் திரும்பியதே இல்லை.

சென்ற மாதத்தில் ஒரு காலை. பெரியவரின் கையில் ஊசி இறங்கிக்கொண்டிருந்தது.

“இன்னைக்குப் போட்டிருக்கான் பாருங்க சார் ஒரு கேள்வி. ‘உயரம் குறைந்தால்.’ அவ்வளவுதான். குறைஞ்சா என்ன? மிச்சத்தை வீட்ல வச்சுட்டு வந்துட்டான் போல. செத்த நரம்பு.”

“அது என் தப்பு இல்லம்மா” என்றார் பெரியவர்.

அவர் குரலை நாங்கள் கேட்டதே அன்றுதான்.

“‘உயரம் குறைந்தால், உழைத்திருக்கிறது’ன்னு எழுதிக் குடுத்தேன். பக்கத்துல செருப்பு விளம்பரம் பெருசா வந்துட்டுதுன்னு பின்பாதியை வெட்டிட்டாங்க.”

“பென்சில்” என்றார் அக்கா மெதுவாக. அதே நொடியில் ஊசி நரம்பை விட்டு நழுவியது. தோலுக்கடியில் நாவல்பழ நிறத்தில் ஒரு வட்டம் பரவியது. அக்காவின் கை தவறி நான் பார்த்தது அந்த ஒருமுறைதான். ஊசியை எடுத்து, பஞ்சை வைத்து, தானே அழுத்திப் பிடித்துக்கொண்டார்.

பெரியவர்தான் பேசினார். “பரவாயில்ல, இன்னொரு கை இருக்கு.” பிறகு, கண் பரிசோதனை விளம்பரத்தைப் பார்த்தபடியே சொன்னார்: “கட்டம் போடறதை இந்த மாசத்தோட நிறுத்திக்கலாம்னு இருக்கேன். பொண்ணும் போதும்ங்கறா. பத்திரிகையில எண் கட்டம் போட்டுக்கறோம்னுட்டாங்க. இத்தனை வருஷத்துல படிக்கிறவங்க யாருன்னே எனக்குத் தெரியலம்மா. முதல்முதலா ஒருத்தரைப் பார்த்தேன். அவங்க செத்த நரம்புங்கறாங்க.”

நானாக இருந்தால் அந்த இடத்தில், நன்றாகத்தான் இருக்கிறது ஐயா, விட்டுவிடாதீர்கள் என்று எதையாவது சொல்லிச் சமாளித்திருப்பேன். அக்காவுக்கு அது வரவில்லை.

“நல்லா இருக்குன்னு சொன்னா தொடர்ந்து போடுவீங்களா? அதுக்காகச் சொல்ல மாட்டேன். ‘கலைந்துள்ளது’ போடறதெல்லாம் சோம்பேறித்தனம். நீங்களா இருந்தாலும் அதான் சொல்வேன்.” இன்னொரு கையில் பட்டியைக் கட்டினார். விரல் நரம்பைத் தேடியது. “மழைக்காலத்துல ஒண்ணு போட்டிருந்தீங்க. ‘கிழித்தால் கோபிக்காது, கிழிக்காவிட்டால் நேற்றிலேயே நிற்கும்.’ நாட்காட்டி. கொத்தனார் ஒருத்தர்கிட்ட கேட்டேன். ஊசின்னாலே மயங்கி விழுறவர். படிக்கட்டு வரைக்கும் போயிட்டுத் திரும்பி வந்தாரு சார், பஞ்சு கீழ விழுந்ததுகூடத் தெரியாம. அப்புறம் ‘விடிந்ததும் வேலை போய்விடும்’னு ஒண்ணு. தெருவிளக்கு. அதுக்கு எங்க டாக்டரம்மாவே வாசல்ல திரும்பினாங்க.”

பெரியவர் அவரைத் திரும்பிப் பார்த்தார்.

“எண் கட்டத்தை வச்சுக்கிட்டு நான் என்ன பண்றது? ஏழு எங்க வரும்னு கேட்டுக்கிட்டா ஊசி போடுவேன்? பிள்ளைங்க கையைக் கடிச்சுடும்.” குழாய் நிரம்பியது. ஊசியை வெளியே எடுத்தார். “நிறுத்தறதுன்னா நிறுத்துங்க. அதுக்கு முன்னாடி, என்னை ஒருதரம் வாசல்ல திருப்புங்க.”

பெரியவர் எழுந்தார். இரண்டு கைகளிலும் பஞ்சு இருந்ததால் எந்தக் கையால் எதை அழுத்துவது என்று தெரியாமல், மார்பின் குறுக்கே கைகளைக் கட்டிக்கொண்டு போனார்.

அதன்பின் அக்கா கட்டத்தைத் திட்டுவது குறைந்தது. குறை இல்லாமல் இல்லை. உதடு திறந்து மூடிக்கொள்வதைப் பார்த்திருக்கிறேன். காலையில் மேசைக்கு வந்ததும் கட்டத்தின் அடியில் ‘முடிச்சு’ என்று இருக்கிறதா என்று முதலில் பார்ப்பார், பிறகுதான் கையுறையை மாட்டுவார்.

மாதத்தின் கடைசி நாளும் வந்தது. அன்று ஒரு கேள்வியை மட்டும் யாருக்கும் கொடுக்காமல் தனக்கென்று வைத்துக்கொண்டார். ‘போகிறவர் திரும்பிப் பார்க்கும் இடம்.’ மூன்று எழுத்து, இடமிருந்து வலம். முதல் நோயாளி வருவதற்கு முன்பே ‘எல்லை’ என்று எழுதிவிட்டு, “இவ்வளவுதானா?” என்று என்னைப் பார்த்தார். அந்தக் குரலில் இருந்தது கோபம் இல்லை. கடைசிப் பேருந்தைப் பார்த்துக் கையைக் காட்டியும் அது நிற்காமல் போனதுபோல ஒரு குரல்.

முற்பகலில் வந்த தையல்காரப் பெண் ஒருத்தி மேலிருந்து கீழ்க் கேள்வி ஒன்றுக்கு ‘வானொலி’ என்று விடை சொன்னாள். பழுதில்லாத விடை. ஆனால் அதன் ‘வா’, எல்லையின் ‘எ’ இருந்த கட்டத்தில் உட்கார வேண்டும். அக்கா பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு சற்று யோசித்தார். பிறகு மூன்று எழுத்துகளையும் அடித்தார். அவர் கட்டத்தில் அடித்தல் விழுந்து நான் பார்த்ததில்லை.

அடுத்ததாகப் பெரியவர் வந்து உட்கார்ந்தார். பழைய காயம் மஞ்சளாக மாறியிருந்தது. அக்கா எதுவும் கேட்காமல் நரம்பைத் தேடினார்.

“இன்னைக்குக் கேள்வி இல்லையா?”

“நீங்க போட்டதை உங்ககிட்டயே கேட்கவா?”

பெரியவரின் பார்வை மேசை விளிம்புக்குப் போனது. “எல்லைன்னு எழுதினீங்களா?”

“ஊரை விட்டுப் போறவன் அங்கதானே திரும்பிப் பார்ப்பான்?”

“பார்ப்பான்.”

“அப்ப சரிதானே?”

“சரிதான். கட்டத்துக்குத்தான் சரியில்ல” என்றார் பெரியவர். ஊசி எப்போது போனது என்று அவருக்கும் தெரிந்திருக்காது.

அவர் பெஞ்சுக்குப் போய்ப் பஞ்சை அழுத்தியபடி உட்கார்ந்தார். ரத்தம் நிற்கத் தேவையான நேரம் கடந்தும் உட்கார்ந்திருந்தார். உள்ளே அக்கா ஒவ்வொரு கையாகப் பார்த்து முடித்தார். இடையிடையே ‘வா’வுக்குப் பக்கத்தில் வெறுமையாக இருந்த இரண்டு கட்டங்களைப் பார்த்தார். “நழுவுது தம்பி” என்றார் ஒருமுறை. மதிய இடைவேளைக்குக் கூட்டம் ஓய்ந்தது. கையுறையைக் கழற்றி, கையைக் கழுவி, சாப்பாட்டுப் பையைத் தோளில் மாட்டினார். செய்தித்தாளை எடுத்துக் குப்பைக்கூடையின் மேல் பிடித்தவர், போடாமல் மேசையிலேயே வைத்துவிட்டு நடந்தார்.

வாசல் நிலையைத் தாண்ட ஒரு காலைத் தூக்கினார். அந்தக் கால் வெளியே இறங்கவில்லை.

நின்றார். திரும்பினார். முதலில் என்னைப் பார்த்தார், பிறகு தான் நிற்கும் இடத்தைப் பார்த்தார், பிறகு பெஞ்சைப் பார்த்தார். பெரியவர் பஞ்சை எறிந்துவிட்டுச் சட்டைப் பையில் பேனாவைத் தேடிக்கொண்டிருந்தார்.

அக்காவின் இடது கை தானாக மடங்கியிருந்தது. முழங்கை மடிப்பில், பஞ்சு இருக்க வேண்டிய இடத்தை, வலது கையின் இரண்டு விரல்கள் அழுத்திப் பிடித்திருந்தன.