செல்வி வரைந்த அமெரிக்கக் கார்

தண்ணீர்ச் சாயம் காயும்போது ஒரு புளித்த வாசனை வரும். ஜன்னல் வழியே வந்து படியும் கரித்தூளோடு அது கலந்து மூக்கில் ஏறிய நாளை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வயிறு எரியும். ஏழாம் வகுப்பில், நெய்வேலி நிலக்கரிச் சுரங்க டவுன்ஷிப்பில் எங்கள் பிளாக் மன்றம் பொங்கலுக்கு நடத்திய ஓவியப் போட்டியில், அளவுகோல் வைத்துக் கோடு போட்டு, அப்பாவின் ஆபீசர் வந்திறங்கும் வெள்ளைக் காரை வரைந்தேன். முதல் பரிசு எனக்குத்தான் என்று வீட்டில் முடிவே கட்டிவிட்டார்கள்.

பக்கத்தில் என் வகுப்புத் தோழி செல்வி, 'பிளசர்' என்று அவள் வீட்டில் சொல்லும் காரை வரைந்துகொண்டிருந்தாள். பழைய அமெரிக்கக் கார். ரோஸ் நிறம், படகு நீளம், பின்னால் மீன் துடுப்புபோல இரண்டு தூக்கல். "எங்க வூட்டு அலமாரித் தட்டுல விரிச்ச காலண்டர்ல இருக்குதுடி, தெனமும் பாத்துகினே இருப்பேன்" என்றாள். நிக்கல் பம்பருக்கு அவள் எந்தச் சாயமும் பூசவில்லை. காகிதத்தை வெறுமனே விட்டு, பென்சிலால் நாலு நிழல் போட்டாள். பளபளவென்று மின்னிய அதற்குள் எங்கள் தெருவே வளைந்து தெரிந்தது, சைக்கிளில் ஷிப்டுக்குப் போகிறவர் உட்பட. அடேயப்பா! என் கார் தகர டப்பாவாகிப் போனது.

வேடிக்கை பார்க்க வந்த அம்மா வேறு, "ஏட்டி, அவ காரு இப்பமே ஓடிரும் போலல்லா இருக்கு. ஒன்னோடது என்ன, ஷெட்டுல நிக்கா?" என்று சிரித்தாள்.

போட்டி பெர்மனன்ட் ஊழியர்களின் பிள்ளைகளுக்கு மட்டும். செல்வியின் அப்பா மைன்ஸில் கான்ட்ராக்ட். விதி தெரியாமல் பெயர் கொடுத்தவள், படிவத்தில் அப்பாவின் ஊழியர் டோக்கன் எண் கேட்ட இடத்தை வெறுமனே விட்டிருந்தாள். யாரும் கவனிக்கவில்லை. நான்தான் போட்டியை நடத்திய மன்றத்து மாமாவிடம் போய், "மாமா, செல்வி அப்பா பெர்மனன்ட் இல்ல" என்றேன்.

அவர் அந்தக் காரையே கொஞ்ச நேரம் பார்த்தார். "நல்லாத்தான் போட்டிருக்கு. ரூல்ஸுன்னு ஒண்ணு இருக்கேம்மா" என்று தனியே எடுத்து வைத்துவிட்டார். முதல் பரிசு எனக்கு வந்தது. அழுதுகொண்டே படத்தைச் சுருட்டிக் கிளம்பியவளோடு டவுன்ஷிப் வாசலான ஆர்ச் கேட் வரை நானும் நடந்தேன். இரக்கமெல்லாம் இல்லை, போட்டுக் கொடுத்தது யாரென்று வழியில் எவராவது சொல்லிவிடுவார்களோ என்ற பயம்.

அந்த மன்றக் கூடம் இப்போது இல்லை. ஆபீசர்களின் வெள்ளைக் கார்களும் போய்விட்டன. நான் தூரிகையைத் தொட்டுப் பல வருடமாகிறது. செல்வி சென்னையில் பழைய அமெரிக்கக் கார்களை ஆளுயரத்துக்கு வரைகிறாள். போன மாதம் அவளுடைய கண்காட்சியில் ஒவ்வொரு படத்தையும் கிட்டப் போய்ப் பார்த்தேன், ஒரு பிசகாவது அகப்படாதா என்று. பாழாய்ப்போன பொறாமை, ஒன்றும் அகப்படவில்லை.

செல்வி ஓடி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, சுற்றி நின்றவர்களிடம் சொன்னாள்: "அன்னிக்கு நான் அழுதுகினு போனப்ப, என்கூட நடந்து வந்தவ இவ ஒருத்திதாங்க."

சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். "படமெல்லாம் பிரமாதம்டி" என்றுதான் வந்தது.