அத்தையின் கோடு

உறவுக்காரப் பிள்ளைகளுக்கு அவள் பவுடர் அத்தை. முகத்துக்குப் பூசும் பவுடர் இல்லை. உப்பையும் தாதுவையும் மாவாக அரைத்து, அதன்மேல் எக்ஸ் கதிரைப் பாய்ச்சி, தாளில் விழும் கோடுகளைக் கொண்டு உள்ளே அணுக்கள் அடுக்கியிருக்கும் விதத்தைச் சொல்கிற விஞ்ஞானி. கைரேகை மாதிரி, ஒவ்வொரு பொருளுக்கும் அதற்கே உரிய கோடுகள். இதை அவள் விளக்க ஆரம்பித்தால் கல்யாண வீட்டில் பக்கத்து நாற்காலி காலியாகிவிடும்.

தாமிர உப்பு ஒன்றில் யாரும் பார்த்திராத ஒரு சின்னக் கோடு அவளுக்குக் கிடைத்தது. புதுவகைப் படிகம் என்று அறிவித்தாள். உலகப் படிகத் தொகுப்பில் அவள் பெயரோடு ஏறியது. அவள் வாழ்க்கையில் பெருமை என்று இருந்தது அது ஒன்றுதான். மற்ற ஆய்வகங்களில் அந்தக் கோடு வரவில்லை என்றார்கள். "அரைக்கத் தெரியல" என்று உதட்டைப் பிதுக்கினாள். அவள் அரைத்தால் தவறாமல் வந்தது.

கல்யாணம் செய்துகொள்ளவில்லை. வீட்டில் படுத்த படுக்கையாக அம்மா. தினமும் காலையில் உடம்பைத் துடைத்து, முதுகு புண்ணாகாமல் பவுடர் தடவிவிடுவாள்.

"போதும்டி, பூரிக்கு மாவு தூவுற மாதிரி தூவுற! வேலைக்கு ஓடு."

அம்மா இறந்தாள். விடுப்பு முடிந்து வந்து அரைத்தபோது கோடு வரவில்லை. மறுபடி அரைத்தாள். கருவியைக் குடைந்து பார்த்தாள். ம்ஹூம்.

அம்மாவின் அலமாரியை ஒழிக்கும்போது பவுடர் டப்பா சாய்ந்து கையெல்லாம் வெள்ளையானது. அப்படியே உட்கார்ந்துவிட்டாள். பவுடர் என்பது அரைத்த மாக்கல், அந்தத் தாதுவுக்கும் ஒரு கோடு உண்டு என்று அவளுக்குத் தெரியாதா என்ன?

மறுநாள் அந்தப் பவுடரைக் கையில் தடவிக்கொண்டு உப்பை அரைத்தாள். கோடு வந்தது.

"விட்டுத் தள்ளுங்க மேடம்" என்றார் துறைத் தலைவர். "இத்தனை வருஷம் கழிச்சு யார் கேக்கப்போறாங்க?"

"கேக்க ஆளில்லன்னுதான் சார் நானே சொல்றேன்."

தொகுப்பிலிருந்து நீக்கச் சொல்லி எழுதினாள். கோடு வந்த காரணத்தையும் எழுத வேண்டும். அதற்கு அவர்கள் துறையில் ஒரே சொல்தான்: மாசு. அதை எழுத அவளுக்கு மனம் வரவே இல்லை. அழுதாள். பிறகு எழுதிக் கையெழுத்துப் போட்டாள்.

அன்று கை கழுவாமலேயே வீட்டுக்குப் போனாள்.