யஹ்யாவை முதலில் இறக்குவோம்

தொட்டி கழுவும் கம்பெனி ஒன்றில் பதினேழு வருடம் பதிவேடு எழுதியவன் நான். ஆட்கள் முகத்துக்கு நேரே என்னை ரைட்டர் அண்ணே என்பார்கள். முதுகுக்குப் பின்னால் வேறு பெயர் உண்டு, அதை அச்சில் போட முடியாது. இப்போது எழுத உட்கார்ந்திருப்பது எங்களிடம் வேலை பார்த்த ஒருவனைப் பற்றி. படித்து முடித்ததும் என்னைத் திட்டத் தோன்றினால் தாராளமாகத் திட்டுங்கள், எனக்குத் தோல் கெட்டி.

அவன் பெயர் யஹ்யா. அரபிப் பெயர். ‘அவன் வாழ்கிறான்’ என்று பொருள். அவனுடைய அம்மா ஆஸ்பத்திரியில் துணி வெளுக்கும் கூடத்தில் வேலை பார்த்தவள். அவனுக்கு முன் மூன்று ஆண் பிள்ளைகளைப் பெற்று மூன்றையும் மண்ணுக்குக் கொடுத்தவள். முதல் பிள்ளை பதினோராம் நாள் போனது. இரண்டாவது, பல் முளைக்கிற வயதில் காய்ச்சலில் போனது. மூன்றாவது நன்றாக நடந்து, வாய் ஓயாமல் பேசி, நாலு வயதில் லாரிச் சக்கரத்தில் போனது. நாலாவது பிறந்தபோது பள்ளிவாசலில் ஓதிக்கொடுக்கிறவர்தான் இந்தப் பெயரைச் சொன்னார். தள்ளாத கிழவருக்கும், பிள்ளையே பிறக்காது என்று ஊர் கைவிட்ட அவர் மனைவிக்கும் பிறந்த மகனுக்கு இறைவனே வைத்த பெயர், அதற்கு முன் யாருக்கும் அந்தப் பெயரை வைத்ததில்லை என்று குர்ஆனிலேயே இருக்கிறது என்றார். அவளுக்கு அது போதும். அவள் இறைவனிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். இந்த ஒருவனாவது தன்னைப் புதைத்துவிட்டுப் பிறகு போக வேண்டும்.

அவன் இருபத்திரண்டு வயதில் எங்களிடம் சேர்ந்தான். எங்கள் வேலை என்னவென்றால், எண்ணெய்க் கிடங்கு, தோல் ஆலை, சாயப் பட்டறை என்று எங்கே கழிவுத் தொட்டி நிரம்பினாலும் போய் இறங்கி அடிச்சேற்றை அள்ளுவது. தண்ணீரை பம்பு இழுத்துவிடும். சேறு பம்புக்கு அசையாது, அதற்கு மனிதன்தான் வேண்டும். அந்தச் சேற்றைக் கிளறினால் வாயு கிளம்பும். முதலில் அழுகிய முட்டை வாடை அடிக்கும். கொஞ்ச நேரத்தில் வாடை நின்றுபோகும். வாடை போய்விட்டதே என்று நினைப்பவன் கதை அங்கேயே முடிந்தது, ஏனென்றால் போனது வாயு அல்ல, அவனுடைய மூக்கு.

அவன் சேர்ந்த இரண்டாம் வருடம் ஒரு தோல் ஆலையில் மூன்று பேர் இறங்கினார்கள். இரண்டு பேர் பிணமாக வந்தார்கள். இவன் ஏணியைப் பிடித்துத் தானாகவே ஏறி வந்து, வாந்தி எடுத்து, தண்ணீர் கேட்டான். அன்று சாயங்காலம் மேஸ்திரி அவன் பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டார். இவனும் மறைக்கத் தெரியாமல் சொல்லிவிட்டான். மறுநாளிலிருந்து அவன் எங்களுக்கு உசுரு. உசுரு, இங்க வா. உசுரு, டீ வாங்கிட்டு வா. இப்படித்தான் கூப்பிட்டோம்.

கூப்பிட்டதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ஆட்கள் அவன் இறங்காத தொட்டியில் இறங்க மாட்டோம் என்று அடம்பிடித்தார்கள். அதுவே வேலையின் முறையாகிவிட்டது. மூடியைத் திறந்ததும் உசுரு முதலில் இறங்குவான். அடியில் நின்று ஸ்பானரால் ஏணியில் மூன்று தட்டுத் தட்டுவான். தட்டுச் சத்தம் கேட்டால் மற்றவர்கள் இறங்குவார்கள். வாயு அளக்கும் மீட்டர் ஒன்று கம்பெனியில் இருந்தது, அது செத்து மூன்று வருடம். ரிப்பேருக்கு அனுப்பலாமா என்று நான் கேட்டபோது மேஸ்திரி சிரித்தார்.

“மீட்டருக்கு பேட்டரி போடணும். இவனுக்கு ஒரு டீ போதும்,” என்றார்.

பதிவேட்டில் ஒரு கட்டம் உண்டு. உள்ளே வாயு சோதிக்கப்பட்டதா என்று கேட்டிருக்கும். நான் ‘ஆம்’ என்று எழுதி என் கையெழுத்தைப் போடுவேன். ஒரு மனிதனை இறக்கிப் பார்ப்பதும் சோதனைதானே என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஆறு வருடம் அப்படி எழுதினேன். கை ஒரு நாளும் கூசியதில்லை, பொய் சொல்ல மாட்டேன்.

முப்பது தாண்டியதும் அவனுக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. இரண்டு மாடி ஏறினால் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவான். டாக்டர் படம் எடுத்துப் பார்த்து, இன்னொரு முறை வாயு குடித்தால் திரும்ப மாட்டாய் என்று பட்டென்று சொல்லிவிட்டார். அவன் மேஸ்திரியிடம் போய், என்னை மேலே பம்பு பக்கம் போடுங்கள் என்று கேட்டான். மேஸ்திரி, பம்புக்கு ஆள் இருக்கிறது, உன் பெயருக்கு ஆள் இல்லை என்றார். கூட வேலை செய்கிறவர்களிடம் கெஞ்சினான். அவர்களுக்கும் பெண்டாட்டி பிள்ளை இருக்கிறதே. முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

ஒரு திங்கட்கிழமை என் மேசைக்கு வந்து நின்றான்.

“ரைட்டர் அண்ணே, பேரை மாத்தணும்னா என்ன எழுதிக் கொடுக்கணும்?”

“எதுக்குடா?”

“இந்தப் பேருதானே என்னை முதல்ல இறக்குது. பேரு போயிட்டா நானும் மத்தவங்க மாதிரிதானே?”

எனக்குச் சிரிப்பு வந்தது. ஆனால் யோசித்தால் அவன் கணக்கில் தப்பில்லை. எங்களை அவன் சரியாக எடைபோட்டிருந்தான். அரசாங்கப் படிவம் ஒன்று என் இழுப்பறையில் இருந்தது. பழைய பெயரை எழுதினேன். புதுப் பெயர் என்ற இடத்தில் பேனாவை வைத்துக்கொண்டு, என்ன எழுத என்றேன்.

“அர்த்தமே இல்லாத பேரு ஏதாவது இருக்கா அண்ணே?”

“அரபியிலயா? அங்க ஒண்ணு விடாம அர்த்தம் வச்சிருக்கான். போய் யோசிச்சிட்டு வா.”

கையெழுத்தை மட்டும் போட்டுவிட்டுப் போனான். எனக்கு ஒரு கெட்ட பழக்கம், ஏதாவது அரைகுறையாகத் தெரிந்தால் தூக்கம் வராது. பள்ளிவாசல் பக்கத்துக் கடையில் அரபிப் பெயர்கள் பற்றிய சின்னப் புத்தகம் ஒன்றை வாங்கிப் புரட்டினேன். யஹ்யாவுக்கு இரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தார்கள். அந்தப் பெயரின் முதல் சொந்தக்காரர் ஒரு நபி, கிறிஸ்தவர்கள் ஞானஸ்நானம் கொடுத்த யோவான் என்று சொல்பவரும் அவரேதான். வறண்ட கர்ப்பத்தை உயிர்ப்பித்தவர் என்பதால் அந்தப் பெயர் என்று சிலரும், நம்பிக்கையால் உயிர்த்த நெஞ்சு என்பதால் என்று வேறு சிலரும் விளக்கம் எழுதியிருக்கிறார்கள். பிள்ளை தங்காத வீடுகளில் இந்தப் பெயரை வைப்பார்களாம். முஅம்மர், அதாவது நீண்ட ஆயுள் உள்ளவன், அப்படியும் வைப்பார்களாம். கடைசி நாளில் மரணத்தையே ஓர் ஆட்டின் வடிவில் கொண்டுவந்து அறுப்பார்கள், அறுக்கப்போகிறவர் யஹ்யாதான் என்று சொல்பவர்களும் உண்டாம். இவ்வளவும் சொல்லிவிட்டு அதே பக்கத்தில், அவர் ஓர் அரசனின் ஆணையால் தலை வெட்டப்பட்டு இறந்தார் என்றும் போட்டிருந்தது.

மறுநாள் சும்மா இருந்திருக்கலாம். என் வாய் சும்மா இருக்காது. கேன்டீனில் எல்லோருக்கும் முன்னால் கேட்டேன்.

“ஏண்டா உசுரு, உன் பேருக்குச் சொந்தக்காரரைத் தலையை வெட்டித்தான் கொன்னாங்களாம், தெரியுமா?”

“தெரியும் அண்ணே,” என்றான். டம்ளரைக் கீழே வைத்தான். “எங்க உம்மாவுக்குத் தெரியாது. சொல்லிடாதீங்க.”

அத்தோடு நான் நிறுத்தவில்லை. பெயர் மாற்றப் படிவம் கேட்டதையும் போட்டு உடைத்தேன். கேன்டீனே குலுங்கியது. ஒருவன் ‘மண்ணு’ என்று வை என்றான், இன்னொருவன் ‘டீசல்’ என்றான். பேரை மாத்தினா நானே உன்னைக் குழந்தை மாதிரி தூக்கிக் காதுல புதுப் பேரை ஓதறேன் என்றார் மேஸ்திரி. அவன் டீயை முடிக்காமல் எழுந்து போனான். அதற்குப் பிறகு படிவத்தைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. நானும் கேட்கவில்லை. அது என் இழுப்பறையிலேயே கிடந்தது.

வியாழக்கிழமை சாயப் பட்டறையில் வேலை. மூடியைத் திறந்தபோது அவன் கொஞ்ச நேரம் தயங்கினான். எல்லோரும் அவனையே பார்த்தோம். யாரும் தள்ளவில்லை, யாரும் திட்டவில்லை, வெறுமனே பார்த்தோம். இறங்கினான். கயிறு கட்டவில்லை, அவனுக்குக் கயிறு கட்டுகிற வழக்கமே எங்களுக்கு விட்டுப்போயிருந்தது. நான் பதிவேட்டில் ‘ஆம்’ என்று எழுதினேன்.

தட்டுச் சத்தம் வரவில்லை. வேறு எவனாக இருந்தாலும் அரை நிமிடத்தில் கத்திக் கூப்பாடு போட்டிருப்போம். உசுரு என்பதால் காத்திருந்தோம். மேஸ்திரி பீடி பற்ற வைக்கப் பட்டறை வாசலுக்குப் போனார். ‘அவனுக்கு ஒண்ணும் ஆகாது, ஸ்பானரைச் சேத்துல போட்டிருப்பான்’ என்று ஒருவன் சொன்னான், நாங்கள் சிரித்தோம். பன்னிரண்டு நிமிடம் கழித்துத்தான் தீயணைப்புக்குப் போன் போட்டோம். என் கடிகாரத்தில் பார்த்தேன், அதனால் சொல்கிறேன். முகமூடி போட்ட தீயணைப்பு ஆட்கள் வந்து தூக்கியபோது அவன் ஏணியின் கடைசிப் படியைக் கட்டிக்கொண்டிருந்தான். விரல்களைப் பிரிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது.

அவனை அவனுடைய அம்மா வேலை செய்கிற ஆஸ்பத்திரிக்கே கொண்டுபோனார்கள். அவள் வெளுத்து மடித்த துணிகளில் ஒன்றைத்தான் அவன் மேல் போர்த்தியிருப்பார்கள். மேனேஜர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். மீட்டர் விஷயம் வெளியே வந்தால் முதலில் உள்ளே போகிறவன் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டவன்தான் என்றார். மகன் தன் விருப்பப்படி இறங்கினான், கம்பெனி மேல் குறை இல்லை என்று டைப் அடித்த தாளை நீட்டினார். அதில் அந்த அம்மாவின் கைரேகை வேண்டும். என் இழுப்பறையில் கிடந்த படிவத்தின் விஷயம் எப்படியோ அவர் காதுக்கும் போயிருந்தது.

“அதையும் எடுத்துட்டுப் போய்யா. பேரை நம்பற பொம்பள,” என்றார்.

எனக்கு அப்போதே புரிந்துவிட்டது. புரியாத மாதிரி நடித்தேன் என்று சொல்லித் தப்பிக்கப் போவதில்லை.

ஆஸ்பத்திரி வராந்தா பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கையெல்லாம் சோப்பு அரித்து வெள்ளையாக இருந்தது. அழவில்லை. என்னைப் பார்த்ததும் கேட்டாள்.

“தம்பி, நீங்கதானே எழுதறவரு? எப்படி ஆச்சு? அந்தப் பேரு இருக்கும்போது எப்படி ஆகும்?”

நான் படிவத்தை எடுத்து அவள் மடியில் வைத்தேன். அவளுக்குப் படிக்கத் தெரியாது. கையெழுத்தை மட்டும் அடையாளம் கண்டுகொண்டு அதை விரலால் தடவினாள்.

“திங்கட்கிழமை வந்து பேரை மாத்தச் சொல்லி எழுதிக் கொடுத்தாம்மா,” என்றேன்.

அவள் முகத்தில் நான் பார்த்ததை எழுத எனக்குத் திராணி இல்லை. படிவத்தை என்னிடம் திருப்பி நீட்டி, “என்ன பேரு?” என்றாள்.

அந்த இடம் காலியாக இருந்தது. அப்போதுகூட, எழுதலைம்மா, பயந்துபோய்தான் கேட்டான், உங்ககிட்ட உசுரோட திரும்பி வரணும்னுதான் கேட்டான் என்று சொல்லியிருக்கலாம். “யாகூத்,” என்றேன். மாணிக்கக் கல் என்று பொருள். அந்தச் சின்னப் புத்தகத்தின் முன்னுரையில் பார்த்த பெயர். பழங்காலத்து அரபிகள் பெற்ற மகன்களுக்கு எதிரி நடுங்கும்படி போர், சிங்கம், பாறை என்று பெயர் வைப்பார்களாம். விலைக்கு வாங்கிய அடிமைகளுக்கோ கற்பூரம், முத்து, மாணிக்கம் என்று நல்ல நல்ல பெயராக வைப்பார்களாம், ஏனென்றால் அந்தப் பெயரை நாள் பூராவும் கூப்பிட்டு வேலை வாங்கப்போவது எஜமானர்கள்தானே. வாய்க்கு வந்தது அது.

அவள் அந்தப் பெயரை இரண்டு முறை சொல்லிப் பார்த்தாள். பிறகு பேச்சு சீராக வந்தது.

“மூணு பேரைக் கொடுத்துட்டு வாங்கின பேரு தம்பி அது. வேணாம்னு தூக்கிப் போட்டிருக்கான். தானா போயிருக்கான். நீங்க என்ன செய்வீங்க, பாவம்.”

கட்டை விரலை அவளே நீட்டினாள். மையை நான் தடவினேன். வழக்கு, விசாரணை எதுவும் வரவில்லை. மேஸ்திரி இன்னும் மேஸ்திரிதான். நான் முழு மரியாதையோடு ஓய்வு பெற்றேன், மாலைகூடப் போட்டார்கள்.

அடக்கம் செய்த இடத்தில் பலகை எழுத வந்தவர் பெயர் கேட்டபோது, யஹ்யா என்று சொல்லப்போன சொந்தக்காரர்களை அவள் அதட்டி நிறுத்தினாள். அவன் வேணாம்னு விட்ட பேரை அவன் தலைமாட்டுல எழுதாதீங்க என்றாள். யாகூத் என்று எழுதினார்கள். அவள் இன்னும் உயிரோடுதான் இருக்கிறாள். வெள்ளிக்கிழமைதோறும் அங்கே போய் உட்கார்ந்து அவனைத் திட்டுகிறாள், அந்தப் பெயரைச் சொல்லித்தான் திட்டுகிறாள். போன மழையில் எழுத்து அழிந்துவிட்டது. மறுபடி எழுத ஆள் பிடித்துவிட்டு என் வீடு தேடி வந்தாள்.

“தம்பி, உங்களுக்குத்தான் சரியா தெரியும். எழுத்து எதுவும் தப்பாயிடக் கூடாது,” என்றாள்.

ஒரு தாளில் கொட்டை எழுத்தில் எழுதிக் கொடுத்தேன்.