நுஹ்மான் காட்டிய சாம்பிள்

பலாபத்வலவில் கண்டி – யாழ்ப்பாணம் வீதியோரமாக மிளகு, கராம்பு, சாதிக்காய் வாங்கி விற்கும் கடைகளில் நுஹ்மானுடையது பெரியதுமில்லை, சிறியதுமில்லை. கடைக்குப் பின்னால் சீமெந்து பூசிய ஒரு களம் இருக்கிறது. ஈரத்தோடு வரும் மிளகை அதில் பரப்பிக் காயவைத்து, பதர் போகத் தூற்றி, நல்லதைக் கொழும்புக்கு ஏற்றுவார். அறுபதை எட்டிப் பிடிக்கும் வயதில் தன்னுடையது என்று சொல்லிக்கொள்ள அவருக்கு இந்தக் களமும், முனவ்வரா என்ற மனைவியும், கண்டியில் கட்டிக்கொடுத்த நிஷ்மியா என்ற மகளும், சீனி வருத்தம் என்ற நீரிழிவும் இருந்தன. மற்ற மூன்றையும்விடச் சீனி வருத்தத்தைப் பற்றித்தான் அவர் பெருமையாகப் பேசுவார். அது ஏன் என்று விளங்க வேண்டுமானால் முதலில் சாம்பிள் என்ற சொல்லைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும்.

மிளகு வியாபாரத்தில் சாம்பிள் இரண்டு வகை. ஒன்று காட்டும் சாம்பிள், மற்றது எடுக்கும் சாம்பிள். பல்லேகமப் பக்கமிருந்து விற்க வருகிறவர் முதலில் ஒரு சின்னப் பொலித்தீன் பையை நீட்டுவார். அதில் உள்ள மிளகு கறுத்து, உருண்டு, கனமாக, தூசு தும்பில்லாமல் இருக்கும். வீட்டில் சுளகை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் பொறுக்கியது. அது காட்டும் சாம்பிள். வாங்குகிறவர் அதைக் கையில் உருட்டி, "மாஷா அல்லாஹ், நல்ல சாமான்" என்று சொல்லிவிட்டு, எழும்பிப் போய் மூட்டையின் வயிற்றில் குத்தூசியை இறக்கி உருவுவார். அதில் பதரும் காம்பும் ஈரமும் சேர்ந்து வரும். அது எடுக்கும் சாம்பிள். இரண்டும் ஒன்றாக இருக்காது என்பது இரண்டு பேருக்கும் தெரியும். அதற்காக முதலாவதைப் பொய் என்று யாரும் சொல்வதில்லை. பெண் பார்க்க ஆள் வரும்போது வீட்டைக் கூட்டித் துடைத்து வைக்கிற மாதிரி அது ஒரு மரியாதை. பேச்சு அங்கேயிருந்துதான் தொடங்க வேண்டும்.

காட்டும் சாம்பிள் செய்வதில் நுஹ்மானை அடிக்க ஆளில்லை. கொழும்புக்கு அனுப்பும் பையை அவர் கூலியாட்களிடம் விடமாட்டார். தானே உட்கார்ந்து பொறுக்குவார். மிளகு காய்ந்ததா இல்லையா என்று பார்ப்பதற்கும் அவரிடம் ஒரு வழி இருந்தது. செருப்பைக் கழற்றிவிட்டுக் களத்தில் பரப்பிய மிளகுக்குள் இறங்கி நடப்பார். உள்ளங்காலில் சுள்ளென்று குத்தி உருண்டால் காய்ந்தது. மெத்தென்று இருந்தால் இன்னும் ஒரு வெயில் வேண்டும். ஈரம் பார்க்கும் மெஷின் ஒன்றை மருமகன் வாங்கித் தந்திருந்தான். அது மேசை லாச்சிக்குள் உறையோடு கிடந்தது.

சாம்பிள் என்ற சொல்லும் அவர் வாயில் மிளகோடு நின்றுவிடவில்லை. கல்யாண வீட்டுப் புரியாணியில் முதல் கவளம் சாம்பிள். மாத்தளை டவுனில் குளியலறைக்கு வாங்கப் போன மாபிளின் துண்டு சாம்பிள். மருந்துக் கம்பனி ஆள் டொக்டர்மாருக்குச் சும்மா கொடுக்கும் மாத்திரை சாம்பிள். ஒருமுறை பள்ளிவாசலுக்கு மௌலவி தேடியபோது ஒருவரைக் கூப்பிட்டு ஒரு ஜும்ஆவுக்குப் பயான் சொல்ல வைத்தார்கள். கேட்டவர்கள் கண் கலங்கினார்கள். நிர்வாகத்தில் இருந்த நுஹ்மான் மட்டும், "இது காட்டுற சாம்பிள். இன்னும் ரெண்டு ஜும்ஆ பாருங்க" என்றார். யாரும் கேட்கவில்லை. வந்த மௌலவி வருசம் முழுக்க அதே பயானைத் திருப்பித் திருப்பிச் சொன்னார். அதற்குப் பிறகு ஊரில் எதை எடுப்பதென்றாலும் நுஹ்மானிடம் ஒரு வார்த்தை கேட்பார்கள். அவருக்கும் அது பிடித்திருந்தது.

இப்படிப்பட்ட மனிதரிடம்தான் அரசாங்க ஆஸ்பத்திரி கிளினிக்கில் ஒரு நேர்ஸ் மிஸ், "அடுத்த முறை வாறப்ப வெறும் வயித்தில வந்து பிளட் சாம்பிள் குடுங்க" என்று சொன்னாள். சொன்னது அவ்வளவுதான். எந்தத் திகதி என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட்டாள். திகதியையும் சொல்லிச் சாம்பிளையும் கேட்டால் வியாபாரி என்ன செய்வான்?

கிளினிக்குக்கு முந்திய கிழமை முழுக்க வீட்டில் குரக்கன் பிட்டு அவிந்தது. வல்லாரைச் சம்பல், பாகற்காய், சீனியில்லாத தேத்தண்ணி. இரவில் கஞ்சியோடு சரி. விடிய எழும்பிச் சந்திவரை வேக நடை வேறு. பார்க்கிறவர்களுக்கு நோம்பு முந்தியே வந்துவிட்டதோ என்று இருக்கும். குறித்த நாளில் போய் இரத்தம் கொடுத்துவிட்டு, பஞ்சைக் கையில் அமுக்கிப் பிடித்தபடியே எதிரிலுள்ள சாப்பாட்டுக் கடைக்குள் நுழைந்து, பரோட்டாவும் ஆட்டிறைச்சியும் சீனி தூக்கலாகப் பால் தேத்தண்ணியும் எடுப்பார். அன்றிலிருந்து அடுத்த கிளினிக்கின் முந்திய கிழமைவரை அவருக்குச் சீனி வருத்தம் இல்லை.

முனவ்வரா ஒரே ஒரு தடவைதான் வாய் திறந்தாள்.

"இது அவங்கள ஏமாத்துற மாதிரித்தானே ஈக்கு?"

"என்னத்த ஏமாத்துற? என்ட ரத்தத்தத்தானே குடுக்குறேன்? வேற ஆள்ட ரத்தமா?"

ரிப்போட் நல்லதாக வந்தபோது அவளுக்கும் நெஞ்சு குளிர்ந்தது. நல்ல ரிப்போட்டில் குறை கண்டுபிடிக்க எந்தப் பெண்சாதிக்கு மனம் வரும்? அதன் பிறகு கிளினிக் நெருங்கினால் அவள் கேட்காமலே குரக்கன் மாவை எடுத்து வெளியே வைத்தாள். களவில் பாதிப் பங்கு அவளுக்கும் உண்டு. அதை அவளே பிறகு சொன்னாள்.

ரிப்போட்டுகள் ஒன்றையொன்று மிஞ்சிக்கொண்டு நல்லதாக வந்தன. கிளினிக்கில் ஆட்களைச் சத்தம் போடும் டொக்டர்கூட இவரைக் காட்டி, "இவரைப் பாத்துப் படியுங்க" என்று மற்றவர்களிடம் சொன்னார். பிறகு ஒரு நாள் மாத்திரையைப் பாதியாகக் குறைத்தார். அன்று நுஹ்மான் கடைக்கு மஸ்கட் இனிப்பு வாங்கிக்கொண்டு வந்து கூலியாட்களுக்குக் கொடுத்தார். தனக்கும் இரண்டு துண்டு எடுத்துக்கொண்டார். சீனி வருத்தத்தைப் பற்றி அவர் பெருமை பேசியதற்குக் காரணம் இதுதான்.

இதற்கிடையில் அவருடைய வேலையில் ஒரு சின்ன மாற்றம் வந்திருந்தது. களத்தில் இறங்கி நடப்பது நிற்கவில்லை. ஆனால் நடந்து முடிந்ததும் குனிந்து நாலு மிளகை எடுத்துப் பல்லில் கடித்துப் பார்த்த பிறகுதான் "மூட்டை கட்டுங்க" என்று சொல்வார். முன்பெல்லாம் கால் சொன்னால் போதும். ஏன் கடிக்கிறார் என்று யாரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

போன சித்திரையில் வெயில் கொளுத்திய ஒரு நாள், நடுப்பகலில் மிளகு கிளற இறங்கினார். சீமெந்து தணலாகக் கொதித்தது. களத்தில் வேலை செய்யும் றினோஸ் செருப்போடு நின்றும் கால் மாற்றி மாற்றித் துள்ளினான். நுஹ்மான் வெறுங்காலோடு நடுக்களத்தில் நின்று போனில் விலை பேசி முடித்துவிட்டு ஆறுதலாக நடந்து வந்தார்.

"மொதலாளிக்கு இரும்புக் கால்" என்றான் றினோஸ்.

நுஹ்மான் சிரித்துவிட்டுச் செருப்பைப் போட்டார்.

சில நாட்களில் வலது பெருவிரலுக்குக் கீழே தோல் பொங்கி, உடைந்து, புண்ணாகியிருந்தது. வலித்திருந்தால் பார்த்திருப்பார். ஐந்து நேரமும் தொழுகைக்கு வுளூ எடுக்கிறவர், ஐந்து நேரமும் கால் விரல் இடுக்கெல்லாம் கழுவுகிறவர், அடிக்காலைத் திருப்பிப் பார்க்கவில்லை. மணம் பிடித்துக் கண்டுபிடித்தது முனவ்வராதான். தொழுதுவிட்டுச் சாய்ந்திருந்தவரின் காலைத் தூக்கிப் பார்த்தவள், "யா அல்லாஹ், இது என்னா?" என்று கேட்டாள். அவர், "என்னா? என்னா ஈக்கு?" என்று எட்டிப் பார்த்தார். தன் காலில் என்ன இருக்கிறது என்பதை அவரும் அப்போதுதான் கண்டார்.

வார்டில் சேர்த்த அன்று பார்க்க வந்தவர் சாம்பவி என்ற டொக்டர். யாழ்ப்பாணத்துப் பிள்ளை, மாற்றலாகி வந்து அதிக காலமில்லை. பழைய ரிப்போட்டுகளை ஒன்றுக்கு இரண்டு தடவை புரட்டினார். காலைப் பார்த்தார். மறுபடியும் ரிப்போட்டைப் பார்த்தார்.

"இந்த ரிப்போட்டுக்கும் இந்தக் காலுக்கும் பொருந்தேல்லையே, ஐயா. இன்னொரு பிளட் டெஸ்ட் எடுப்பம்."

"எடுக்கலாம் டொக்டர். எந்தத் திகதிக்கு?"

"இப்பவே."

"இப்ப வயித்தில சாப்பாடு ஈக்கே?"

"அது பரவாயில்லை. சாப்பிட்டாலும் சாப்பிடாட்டிலும் ஒண்டுதான். இது கடைசி மூண்டு மாசமும் உங்கட ரத்தத்தில எவ்வளவு சீனி இருந்தது எண்டு காட்டும்."

நுஹ்மான் ஏதோ சலுகை கேட்கிறவர் போல, "அந்த மூணு மாசத்துக்குள்ள பெருநாளும் வந்திச்சே டொக்டர்" என்றார். டொக்டர் சிரிக்கவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருவர் அவருடைய மூட்டையின் வயிற்றில் குத்தூசியை இறக்கினார்.

வந்த முடிவைப் பார்த்துவிட்டு டொக்டர் ஏசவில்லை. மாத்திரையைக் குறைத்தது ரிப்போட்டை நம்பித்தான் என்று மட்டும் சொன்னார். ஏசியிருந்தால் நுஹ்மானுக்குப் பதில் சொல்ல ஏதாவது இருந்திருக்கும். கட்டிலில் படுத்துக்கொண்டு அவர் யோசித்த கணக்கு சுலபமானதுதான். மிளகில் காட்டும் சாம்பிளை நம்பி ஏமாந்தால் வாங்குகிறவனுக்கு நட்டம். இங்கே வாங்குகிறவன் யார்? டொக்டருக்கு ஒன்றும் போகவில்லை. கிளினிக்குக்கும் ஒன்றும் போகவில்லை. விற்றவரும் நுஹ்மான், வாங்கியவரும் நுஹ்மான். இவ்வளவு காலமும் பொறுக்கிப் பொறுக்கி அவர் ஏமாற்றியது யாரை என்று நினைக்க அவருக்குக் கேவலமாக இருந்தது.

பெருவிரலை எடுத்தார்கள். புண் மெல்ல ஆறியது. நிஷ்மியா கண்டியிலிருந்து வந்து நின்று, அழுது, சமைத்துக் கொடுத்துவிட்டுப் போனாள். வீட்டுக்கு விடுவதற்கு முதல் நாள் டொக்டர் சாம்பவி முனவ்வராவையும் பக்கத்தில் நிற்கச் சொல்லிவிட்டு, கட்டிலருகே கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"போன விரல் போகட்டும். மிச்சம் இருக்கிற ரெண்டு காலையும் காப்பாத்த வேணும். எங்கெங்க உணர்ச்சி இல்லையெண்டு தெரிஞ்சால்தான் அதுக்கு ஏத்த மாதிரிச் சப்பாத்து செய்யலாம். உணர்ச்சி இல்லாட்டி வெறுங்காலோட எங்கயும் இறங்கக் கூடாது. உங்கட மிளகுக் களத்துக்குக் கட்டாயம் இறங்கக் கூடாது."

தூண்டில் நரம்பு மாதிரி ஒரு மெல்லிய நூல் பொருத்திய குச்சியை எடுத்து அவருடைய முன்கையில் ஒருமுறை தொட்டுக் காட்டினார். "இப்பிடித்தான் இருக்கும். கண்ணை மூடிக்கொள்ளுங்கோ. காலில தொடேக்க தெரிஞ்சால் தெரியுது எண்டு சொல்லுங்கோ."

நுஹ்மான் கண்ணை மூடினார். களத்துக்கு இறங்கக் கூடாது என்ற சொல் காதிலேயே நின்றது. களத்தில் இறங்காத மிளகு முதலாளியை யார் மதிப்பார்கள்? கதிரையில் உட்கார்ந்துகொண்டு உறையிலிருந்து மெஷினை எடுத்துப் பார்க்கிறவனாகத் தன்னை ஊரார் பேசுவதை அவர் நினைத்துப் பார்த்தார். கட்டில் லேசாக அசைந்தது. டொக்டர் குனிகிறார் போலிருக்கிறது.

"தெரியுது" என்றார்.

கொஞ்சம் பொறுத்தார். ஒரு விரலிலிருந்து அடுத்த விரலுக்குப் போக இவ்வளவு நேரம் பிடிக்கும் என்று கணக்குப் போட்டார்.

"தெரியுது."

எங்கேயோ ஒரு குழந்தை அழுதது. மருந்து வண்டி உருண்டு போகும் சத்தம் கேட்டது.

"ஆ, இப்பவும் தெரியுது. நல்லாத் தெரியுது டொக்டர்."

பிறகு முனவ்வராவின் குரல் கேட்டது. அதில் கோபம் இல்லை, களைப்புத்தான் இருந்தது.

"நிஷ்மியாட வாப்பா, டொக்டர் இன்னும் தொடவே இல்ல."

அவர் கண்ணைத் திறந்தார். பக்கத்துக் கட்டிலுக்காக மிஸ் நீட்டிய துண்டுச்சீட்டில் கையெழுத்து வைத்துக்கொண்டு டொக்டர் கதவடியில் நின்றார். கதிரை காலியாக இருந்தது. குச்சி அதன் மேல் கிடந்தது. டொக்டர் திரும்பி வந்து, அதை எடுத்துக்கொண்டு உட்கார்ந்து, அவருடைய முகத்தைப் பார்த்தபடி காத்திருந்தார்.

"தொட வேணாம் டொக்டர்" என்றார் நுஹ்மான். "ரெண்டு காலிலயும் ஒண்ணும் தெரியல்ல. போன நோம்புக்கு முந்தியே தெரியாது."

முனவ்வரா கட்டிலின் கால்மாட்டுக்கு வந்து, அவருடைய இடது காலை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் பிடித்திருப்பதை அவர் பார்த்துத்தான் அறிந்தார்.