தளர்வு மாதம், நான்காம் நாள்

துணித் தொழிற்சாலையின் வெளிவாசலில் அவள் பதினாறு வருடமாக நிற்கிறாள். வேலை முடிந்து போகிறவர்களின் பைகளைத் திறந்து பார்ப்பதுதான் அவளுக்குச் சம்பளம் தரும் வேலை. "சிரிச்சுக்கிட்டே பையை நீட்டுறவங்களைத்தான் ரெண்டு தடவை பார்க்கணும்" என்பாள். பெற்ற தாயையே சோதனை போடுவாள் என்று தையல்காரிகள் முணுமுணுத்தார்கள். அவள் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொண்டாள்.

அப்படிப்பட்டவளுக்கு வாய்த்த கணவர், பத்துக் கேள்வி கேட்டால் ஒன்றுக்குப் பதில் சொல்லும் தச்சர். அந்தப் பகுதியில் கதவு, ஜன்னல் பழுதென்றால் அவரைத்தான் கூப்பிடுவார்கள்.

மூன்றாவது தெருவில் பல் டாக்டர் வீட்டில் பட்டப்பகலில் திருட்டுப் போனது. வீட்டார் எல்லோரும் வெளியூர் போயிருந்த நேரம். ஒரு கேமரா, இரண்டு கைக்கடிகாரங்கள். பூட்டு உடையவில்லை, ஜன்னல் கம்பி வளையவில்லை. பின்கதவு மட்டும் 'நான் என்ன செய்ய' என்பதுபோல் திறந்து கிடந்தது.

மறுநாள் கட்டில் கால் ஆடுகிறதே என்று திருப்புளி எடுக்க, கணவரின் கருவிப் பெட்டியைத் திறந்தாள். அடியில் ஒரு நோட்டு. வருடத்துக்கு ஒன்பதே மாதம். ஒன்று இருபது நாள், இன்னொன்று அறுபது நாள். வெடிப்பு, எறும்பு ஏற்றம், முதல் ஈரம், ஊறல், இறுக்கம், தளர்வு என்றெல்லாம் பெயர்கள். உலகத்தில் இல்லாத காலண்டர். ஒவ்வொரு நாளுக்கும் எதிரே வீடுகள்.

'தளர்வு 4. பல் டாக்டர் வீடு, பின்கதவு. தாழ்ப்பாள் எட்டாது.'

கழிந்த நாட்களை அவர் பென்சிலால் அடித்திருந்தார். விரல் விட்டு எண்ணிப் பார்த்தாள். திருட்டு நடந்த அதே நாள்.

அவர் வந்ததும் நோட்டை முகத்துக்கு நேரே நீட்டினாள். "என்னங்க இது? யார் வீடு எப்போ திறக்கும்னு ஜாதகம் எழுதி வச்சிருக்கீங்களா?"

"இங்க இருக்கிறது களிமண்ணு. காய்ஞ்சா சுருங்கும், வீடு ஒரு நூல் அளவு இறங்கும், கதவு நிலை சாயும், தாழ்ப்பாள் அதோட ஓட்டைக்கு எட்டாது. மழை பெய்ஞ்சா மண்ணு உப்பும், கதவு இறுகும். அதுக்குத் தகுந்த மாதிரி மாசம் பிரிச்சேன். நம்ம காலண்டருக்கு மண்ணு கட்டுப்படாதே."

"டாக்டர்கிட்ட சொன்னீங்களா?"

"ரெண்டு தடவை. அப்புறம் பார்த்துக்கலாம்னாரு."

"வேற யாரு இதைப் பார்த்தா?"

தச்சர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். அவள் விடுவதாயில்லை. கடைசியில், "உங்க அண்ணன் கேட்டாரு. நல்லா இருக்கு மாப்பிள்ளைன்னு ரெண்டு நாள் வச்சிருந்தாரு" என்றார்.

"கூடப் பிறந்தவன் மேல பழியைப் போடுறீங்களா?" என்று அவள் கத்தியது பக்கத்து வீடு வரை கேட்டது. அண்ணன் வேலை போய், இரண்டு மாதமாக அவர்கள் வீட்டு முன்னறையில்தான் இருந்தான். சின்ன வயதில் அவளைத் தோளில் தூக்கிச் சுமந்தவன்.

அடுத்த நாள் வாசலில் அவள் கை பைகளுக்குள் போய்வந்ததே தவிர, மனம் அங்கே இல்லை. கணவரா, அண்ணனா? கணவர் என்றால் எதற்கு மையால் எழுதி வைக்க வேண்டும்? அண்ணன் என்றால்... திருட்டுப் போன செய்தி வந்தபோது அவன் மட்டும் 'எப்படி?' என்று கேட்கவில்லை. அது அப்போதுதான் உறைத்தது.

வீட்டுக்கு வந்தாள். "அண்ணா, உன் பையைக் கொஞ்சம் திற."

அவன் சிரித்தான். "என்னம்மா, தொழிற்சாலைன்னு நினைச்சுட்டியா? இந்தா, நல்லா பாரு."

அவள் இரண்டு தடவை பார்த்தாள். இரண்டாவது தடவை, சுருட்டி வைத்த பனியனுக்குள் கடிகாரங்கள் இரண்டும் இருந்தன. கேமரா அதன் கீழே.

"வேலை கிடைச்சதும் திருப்பி வச்சிடலாம்னு..." என்று இழுத்தான்.

"உன் மாப்பிள்ளை தலை உருண்டிருக்குமே அண்ணா. அதை நினைச்சியா?"

அவள் அழவில்லை. செருப்பை மாட்டினாள். அவனை முன்னே நடக்க விட்டு, ஓரடி பின்னால் மூன்றாவது தெரு வரை நடந்தாள். டாக்டர் பொருளைச் சரிபார்த்து வாங்கிக்கொண்டு போலீஸில் கொடுத்த புகாரைத் திரும்பப் பெற்றார். அண்ணன் மறுநாள் காலையிலேயே ஊரை விட்டுப் போனான்.

ஆனால் நோட்டு விஷயம் பக்கத்து வீட்டிலிருந்து தெருவெல்லாம் பரவியிருந்தது; ஊர் வாயை யார் மூடுவது? ஒன்றரை மாதம் தச்சரை ஒருவரும் கூப்பிடவில்லை. பிறகு மழை பிடித்தது. நாலாம் நாளே கதவுகள் இறுகி, குளியலறைக்குள் மாட்டிக்கொண்டவர்கள் எல்லாம் அவர் பெயரைச் சொல்லிக் கத்தினார்கள். முதலில் ஆள் அனுப்பியது பல் டாக்டர்.

தச்சர் புது நோட்டு வாங்கினார். அதிலும் ஒன்பது மாதங்கள்தான், ஆனால் வீடுகளின் பெயர் ஒன்றுகூட இல்லை.

"எந்த வீடுன்னு எப்படித் தெரியும்?" என்று கேட்டாள்.

"மனசுல இருக்கு."

அவள் நோட்டை வாங்கி, முதல் பக்கத்திலிருந்து நிதானமாகப் படிக்கத் தொடங்கினாள்.