பகலவன் ஓடவிட்ட ஆட்டங்கள்

வடக்கனந்தல் பகலவன் தன் வாழ்நாளில் ஒரு ஆட்டத்தைக்கூட ஆடி முடித்தவனில்லை. ஆனால் யாரும் கேள்விப்படாத வீடியோ கேம்கள் அவனிடம் ஆயிரக்கணக்கில் இருந்தன. சென்னையிலிருந்து வாங்கி வந்த பழைய பி.எஸ்.பி. கையடக்க விளையாட்டுக் கருவியின் பூட்டை உடைத்து, பழைய ஆட்டங்களை ஓட்டும் எமுலேட்டர் ஏற்றி, ஜப்பான்காரனே மறந்துபோனதையெல்லாம் அதில் ஓடவிடுவான். தலைப்பு திரையில் வந்ததும் போட்டோ எடுத்து டெலிகிராம் குழுவில் போடுவான். "ஓடுது" என்று ஒரே வார்த்தை. நாலு பேர் கைதட்டுவார்கள். அத்தோடு அந்த ஆட்டத்தை ஏறெடுத்தும் பார்க்கமாட்டான். இதற்குப் பெயர் ஆராய்ச்சி என்பான்.

மரவள்ளி பிடுங்க ஆள் வந்த அன்றும் மோட்டார் கொட்டகையில் ஒரு மீன்பிடி ஆட்டத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான். சத்தம் வந்தது, படம் வரவில்லை.

"ஆளுங்க வந்து நிக்கிறாங்க, இன்னா பண்ணிகினு கீறீங்க?" என்றாள் மனைவி நிர்மலா.

"இத இந்தியாவுலயே எவனும் ஓட்டுனதில்ல, தெரியுமா?"

"கெழங்கு லோட எவன் ஓட்டுறது?"

அவளே நின்று பிடுங்க வைத்து, லாரியில் ஏற்றினாள். அதற்குள் படம் வந்துவிட்டது, போட்டோவும் போட்டாயிற்று. கேட்பாரற்றுக் கிடந்த கருவியை எடுத்துக்கொண்டு, லோடோடு ஜவ்வரிசி செய்யும் சேகோ ஆலைக்குப் போனாள். அங்கே வரிசையில் நின்ற லாரிகள் நகரவே இல்லை. ஜப்பான் எழுத்து ஒன்றும் புரியாமலே தூண்டில் போட்டாள். அறுவடை முடியும்வரை வரிசையில் நின்றபோதெல்லாம் ஆடி, ஆட்டத்தின் கடைசியில் வரும் ராட்சத ஏரி மீனையும் இழுத்துப் போட்டாள்.

வீட்டில் அந்தக் கடைசித் திரையைக் காட்டினாள். பகலவன் "பலே" என்றுகூடச் சொல்லவில்லை. போட்டோ எடுத்துக் குழுவில் போட்டான்: "முடிச்சிட்டேன்."

குழு கொண்டாடியது. ஒருவன் மட்டும் கேட்டான்: "பெரிய மீன எப்படி புடிச்சீங்க ஜி?"

பகலவன் அடுப்படிக்கு வந்தான். "அந்த மீன எப்பிடி புடிச்ச?"

"யாருக்கு சொல்லணும்?"

"சும்மா தெரிஞ்சிக்கத்தான்."

"நீங்களே ஆடிப் பாருங்க."

ஆடினான். குஞ்சு மீன்களே அவன் தூண்டிலை அறுத்துக்கொண்டு போயின. கடைசியில் குழுவுக்கு எழுதினான்: எமுலேட்டரில் கோளாறு, பட்டன் தாமதமாக வேலை செய்கிறது, சரிசெய்துவிட்டுச் சொல்கிறேன். அந்த மேதைகளும் நம்பினார்கள்.

மறுநாள் நிர்மலா கருவியைத் திறந்தாள். மீன்பிடி ஆட்டத்தைக் காணோம்.

"கார்டுல எடம் இல்ல, அழிச்சிட்டேன்" என்றான். கருவியை அவளிடமிருந்து வாங்கி, புதிதாக ஏதோ ஒன்றை ஏற்றத் தொடங்கினான்.